ஈப்புலி மேல் விழும் பழி

ஐப்பசி பிறந்து மழை பிடித்துவிட்டால் தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம் பக்கத்து வீடுகளில் ஒரு புகார் தவறாமல் வரும். இரவு நன்றாகத் தூங்கியவருக்குக் காலையில் கழுத்திலோ முழங்கை மடிப்பிலோ லேசான எரிச்சல். மறுநாள் அந்த இடம் கோடு கோடாகச் சிவந்து, ஓரத்தில் சின்னச் சின்னக் கொப்புளம் கட்டும். பார்க்கிறவர்கள் எல்லோரும் ஒரே தீர்ப்புதான் சொல்வார்கள்: "எட்டுக்கால் பூச்சி ஒண்ணுக்குப் போயிருக்கு." எச்சில் பட்டது என்பார்கள் சிலர். கடித்துவிட்டது என்பார்கள் வேறு சிலர். மேலே ஏறி ஓடினாலே போதும், விஷம் இறங்கிவிடும் என்பவர்களும் உண்டு. அதன்பின் யாராவது ஒருவர் துடைப்பத்தோடு சுவர் சுவராகச் சுற்றி வருவார். கண்ணில் படுகிற முதல் சிலந்தி செத்துப்போகும்.

அப்படிச் சாவது பெரும்பாலும் ஈப்புலி என்கிற தாவும் சிலந்தி. ஒட்டடைக்குள் கால் நீட்டித் தொங்கும் சிலந்தியை அடிப்பதற்கு முன்னால் இதைத்தான் அடிக்கிறார்கள். காரணம், இது பட்டப்பகலில் சுவரின் நடுவில் நிற்கும், ஆள் கிட்டே போனால் திரும்பி நேராக முகத்தைப் பார்க்கும், தாவும். அந்தப் பார்வையையும் தாவலையும் கண்டு பயந்து, உடம்பில் வந்த கொப்புளத்துக்கும் அதற்கும் முடிச்சுப் போட்டுவிடுகிறார்கள்.

இந்த நம்பிக்கை முழுப் பொய். ஓரளவு உண்மை இருக்கலாமே என்று இழுத்துப் பேச இதில் இடமே இல்லை. வெறும் பொய்யாக மட்டும் இருந்தால் நானும் பேசாமல் இருந்திருப்பேன். ஒரு பூச்சியின் மேல் வீண்பழி விழுவதோடு இது நிற்பதில்லை. இந்தப் பொய்யினால் நோயாளிகள் கெடுகிறார்கள், வீடு கெடுகிறது, வயலும் கெடுகிறது.

முதலில் ஈப்புலி யார் என்று பார்ப்போம். உலகத்தில் இதுவரை பெயர் வைக்கப்பட்ட சிலந்தி இனங்கள் ஐம்பதாயிரத்துக்கும் மேல். 2022இல் அந்தப் பட்டியல் ஐம்பதாயிரத்தைத் தொட்டபோது அந்த எண்ணில் பதிவானதே தென் அமெரிக்காவைச் சேர்ந்த ஒரு தாவும் சிலந்திதான். ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட இனங்களோடு சிலந்திகளிலேயே மிகப் பெரிய குடும்பம் இந்தத் தாவும் சிலந்திகளுடையது. அதில் சில இனங்கள் மனிதர்களின் வீட்டை ஒட்டியே வாழப் பழகியவை. நம் வீடுகளில் அடிக்கடி தென்படுகிற ஒன்று பிளெக்சிப்பஸ் பெய்குல்லி. ஆணுக்குக் கறுத்த உடம்பில் வெள்ளைப் பட்டைகள் இருக்கும். பெண் பழுப்பும் சாம்பலும் கலந்த நிறம். நீளம் ஒரு சென்டிமீட்டருக்கு முன்பின். வெளிச்சுவரிலும் திண்ணைத் தூணிலும் தட்டையான சாம்பல் நிற உடம்போடு ஒட்டிக்கொண்டு திரிவது மெனிமெரஸ் பிவிட்டாட்டஸ். வீட்டுக்குள்ளும் தொட்டிச் செடிகளிலும் இருக்கும் இன்னொன்று ஹசாரியஸ் அடான்சோனி. இந்த மூன்றும் கப்பலிலும் மூட்டை முடிச்சிலும் ஏறி, மனிதனோடு சேர்ந்தே வெப்ப நாடுகள் எல்லாவற்றிலும் பரவியவை. முதலாவதும் மூன்றாவதும் எகிப்தில் சேகரித்த மாதிரிகளை வைத்து 1826இலேயே விஞ்ஞான நூலில் ஏறிவிட்டன. ஓட்டு வீட்டுத் தாழ்வாரம், மாட்டுக் கொட்டகை, காங்கிரீட் வீட்டுச் சன்னல் விளிம்பு எல்லாம் இவற்றுக்கு ஒன்றுதான்.

ஈப்புலி இரை பிடிக்க வலை கட்டுவதில்லை. எனவே உத்திரத்தில் தொங்கும் ஒட்டடைக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. தூங்கவும் தோல் உரிக்கவும் முட்டையிடவும் மட்டும் சுவர் இடுக்கில் ஒரு சின்னப் பட்டுப் பை நெய்துகொள்ளும். தாய் அந்தப் பைக்குள்ளேயே முட்டைகளோடு தங்கிக் காவல் இருக்கும். மற்றபடி இதன் பிழைப்பு முழுக்கக் கண்ணை நம்பியது. எட்டுக் கண்களில் முன்னால் இருக்கும் பெரிய இரண்டும் குழாய் வடிவம். வெளியே லென்ஸ் அசையாது. உள்ளே விழித்திரை மட்டும் தசையால் அசைந்து அசைந்து பார்க்கும். அந்த விழித்திரையிலும் நான்கு அடுக்குகள். ஜப்பானில் ஒசாகா நகரப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஆய்வாளர்கள் 2012இல் இதை வைத்து ஓர் உண்மையைக் கண்டுபிடித்தார்கள். ஓர் அடுக்கில் தெளிவாகவும் இன்னொன்றில் மங்கலாகவும் விழுகிற பச்சை ஒளியை ஒப்பிட்டு இது இரையின் தூரத்தைக் கணிக்கிறது. சிவப்பு வெளிச்சத்தில் விட்டால் கணக்குத் தப்பிப்போய் இரைக்கு முன்னாலேயே விழுந்துவிடுகிறது. அந்த ஆய்வுக்கு அவர்கள் எடுத்துக்கொண்ட இனம் வேறெங்கோ காட்டில் இருப்பதல்ல. நம் தொட்டிச் செடியில் இருக்கும் ஹசாரியஸ் அடான்சோனிதான்.

தாவுவதற்கு வெட்டுக்கிளிக்கு இருக்கிற பெருத்த பின்தொடை இதற்குக் கிடையாது. உடம்பின் ரத்த அழுத்தத்தைச் சட்டென்று ஏற்றிக் காலை நீட்டித் தாவும். தாவுமுன் நின்ற இடத்தில் ஓர் இழையை ஒட்டிவிட்டுத்தான் கிளம்பும். தவறினால் அந்த இழையைப் பிடித்துக்கொண்டு மேலே ஏறிவிடலாம். திரும்பி நம்மைப் பார்ப்பதும் அந்தக் கண் செய்கிற வேலைதான். அசைகிற ஒன்று இரையா, ஆபத்தா என்று பார்க்கிறது. கோபமோ பகையோ அதில் இல்லை.

"சரி, விஷமே இல்லை என்கிறீர்களா?" என்று கேட்பவர்களுக்கு நேராகப் பதில் சொல்ல வேண்டும். இருக்கிறது. மிகச் சில இனங்களைத் தவிர எல்லாச் சிலந்திக்கும் விஷம் உண்டு. ஈயையும் கொசுவையும் மடக்குகிற அளவுக்கு, அந்த உடம்புக்கு ஏற்ற அளவில் உண்டு. வீட்டு ஈப்புலியைக் கையில் பிடித்து நசுக்கினால் கடிக்கலாம். கட்டெறும்புக் கடி அளவுக்கு வலித்து அடங்கும். தானாக ஏறி வந்து தூங்குகிறவரைக் கடிக்க அதற்கு ஒரு காரணமும் இல்லை. நம் ரத்தம் அதற்கு உணவல்ல. அடுத்தது "ஒண்ணுக்கு". சிலந்தியின் கழிவு நம்முடையதைப் போன்ற சிறுநீரே அல்ல. குவானின் என்ற வெள்ளைப் பொருள் கலந்த கூழாகத்தான் அது வெளியேறும். சுவரில் சுண்ணாம்புப் பொட்டாகக் காய்ந்து கிடப்பது அதுதான். அது பட்டுத் தோல் கொப்பளிக்காது.

அப்படியானால் அந்தக் கோட்டுக் கொப்புளம் எங்கிருந்து வந்தது? வயலிலிருந்து வந்தது. சம்பா நெற்பயிருக்குள் எறும்பின் அளவில், எறும்பின் சுறுசுறுப்போடு ஓடித் திரியும் ஒல்லியான ஒரு வண்டு இருக்கிறது. தலை கறுப்பு, நெஞ்சு ஆரஞ்சு, முதுகில் குட்டையான நீலப்பச்சை மூடி, அதற்குக் கீழே ஆரஞ்சு வயிறு, வால் முனை மறுபடி கறுப்பு. விஞ்ஞானப் பெயர் பெடிரஸ் ஃபஸ்கிப்பஸ். இது கடிக்காது, கொட்டாது. ஆனால் இதன் உடம்பு நீரில் பெடிரின் என்ற கடுமையான நச்சு இருக்கிறது. வண்டின் உடம்பில் குடியிருக்கும் ஒரு பாக்டீரியா தயாரித்துக் கொடுப்பது அது. மழை ஓய்ந்த இரவில் வெளிச்சத்தைத் தேடி வீட்டுக்குள் பறந்து வரும். தூக்கத்தில் கழுத்தில் ஏதோ ஊர்கிறதே என்று கையால் தேய்ப்போம். வண்டு நசுங்கும். தேய்த்த திசையிலேயே நச்சு கோடாக இழுபடும். அதனால்தான் கொப்புளமும் கோடாக வருகிறது. முழங்கை மடிப்பில் பட்டால், கை மடங்கும்போது எதிர்ப்பக்கத் தோலிலும் அச்சு எடுத்து அங்கேயும் புண்ணாகும்.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. நசுங்கிய உடனே எரிச்சல் தெரியாது. ஒரு நாள், சில சமயம் இரண்டு நாள் கழித்தே சிவக்கும். அதற்குள் வண்டு பாய் தட்டியதில் போயிருக்கும். கொப்புளத்தைப் பார்த்துத் திடுக்கிட்டு நிமிர்ந்தால் சுவரில் அசையாமல் நிற்பது ஈப்புலி. குற்றம் நடந்து இரண்டு நாள் ஆன பிறகு அந்த இடத்தில் இருந்தவனைப் பிடித்து அடித்தோம் என்றுதான் இதற்குப் பொருள். 2022 ஜூலையில் சிக்கிமில் ஒரு பொறியியல் கல்லூரி மாணவர்கள் நூறு பேர் அளவில் இப்படித் தோல் புண்ணோடு மருத்துவரிடம் போனார்கள். அங்கேயும் காரணம் இந்த வண்டின் குடும்பம்தான். நம் நாட்டுத் தோல் மருத்துவர்களிடையேகூட இந்தப் புண்ணுக்குச் சிலந்தி நக்கியது என்ற பொருளில் ஒரு பெயர் வழங்கி வந்திருக்கிறது. படித்தவர்களின் நாக்கிலும் பழி அவ்வளவு ஊறிப்போயிருக்கிறது.

வண்டுக் கொப்புளம் பத்துப் பதினைந்து நாளில் தானே ஆறிவிடும். தவறான பெயரில் ஆறினாலும் பெரிய நஷ்டமில்லை. ஆனால் எட்டுக்கால் பூச்சி என்ற அந்த ஒரே பெயரை நாம் தோலில் வரும் எல்லாவற்றுக்கும் வைக்கிறோம். ஆபத்து அங்கேதான்.

விலாவின் ஒரு பக்கத்தில் மட்டும் வரிசையாகக் கொப்புளம் வந்து நெருப்பாக எரிந்தால் அது அக்கி. சின்ன வயதில் அம்மை போட்டபோது உடம்பில் புகுந்த கிருமி நரம்பு வேரில் பல ஆண்டு பதுங்கியிருந்து, முதுமையிலோ உடல் தளர்ந்த நேரத்திலோ மறுபடி கிளம்பி வருவது. இதற்கு வைரஸ் எதிர்ப்பு மாத்திரை உண்டு. கொப்புளம் கண்ட 72 மணி நேரத்துக்குள் தொடங்கினால் பலன் அதிகம். சிலந்தி ஓடிய தடம் என்று சொல்லி மூன்று நாள் மந்திரித்த தண்ணீரிலும் உப்பில்லாப் பத்தியத்திலும் கழித்தால் அந்த நேரம் போய்விடுகிறது. கொப்புளம் எப்படியும் சில வாரத்தில் காயும். காவிக்கல் இழைத்து அக்கி எழுதிய பெரியவருக்குப் பெயர் கிடைக்கும். நரம்பு வலி மட்டும் வயதானவர்களை மாதக்கணக்கில், சிலரை வருடக்கணக்கில் விடாது. அக்கி எழுதும் குயவர் வீட்டுப் பெரியவர்களைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. நம்பி வந்தவருக்கு ஆறுதலாகச் செய்கிறார்கள். அந்தக் காவி காயும் முன்பே "ஆஸ்பத்திரிக்கும் போயிட்டு வா" என்று அவர்களே சொல்லி அனுப்பினால் அதைவிடப் பெரிய உதவி வேறில்லை.

சர்க்கரை நோயாளியின் காலில் சிவந்து வீங்கிச் சூடாக வரும் புண் இன்னொன்று. தோலுக்கு அடியில் பாக்டீரியா பரவுகிற அந்த நோய்க்கும் "பூச்சிக்கடி" என்றுதான் பெயர். இந்தியாவில் சர்க்கரை நோயாளிகள் பத்துக் கோடிப் பேர் என்று 2023இல் வெளியான இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் ஆய்வு சொல்கிறது. அவர்களில் ஒருவர் பச்சிலை அரைத்துக் கட்டிக்கொண்டு நாலு நாள் உட்கார்ந்திருந்தால் கால் விரலை இழக்கலாம், காலையே இழக்கலாம்.

இவை எல்லாவற்றையும்விட நான் அதிகம் அஞ்சுவது ஸ்க்ரப் டைபஸ் என்கிற காய்ச்சலைத்தான். தமிழ்நாட்டில் மழையும் பனியும் சேர்ந்த மாதங்களில் நிறையக் காணப்படுவது. புதரிலும் புல்லிலும் இருக்கும், கண்ணுக்கு எளிதில் தெரியாத ஒரு நுண்ணுண்ணியின் குஞ்சு கடிப்பதால் வருகிறது. கடித்த இடம் அக்குள், இடுப்பு மடிப்பு, தொடை இடுக்கு, மார்புக்கு அடியில் என்று மறைவாக இருக்கும். அங்கே வலியே இல்லாமல் கறுப்பாக ஒரு பொருக்கு கட்டும், சிகரெட்டால் சுட்ட அளவில். கூடவே விடாத காய்ச்சல், தலைவலி. மருத்துவர் அந்தப் பொருக்கைப் பார்த்துவிட்டால் பாதி வேலை முடிந்தது. டாக்ஸிசைக்ளின் என்ற மலிவான மாத்திரையே இதைக் குணமாக்கும். தாமதித்தால் நுரையீரல், சிறுநீரகம், மூளை என்று ஒவ்வொன்றாகத் தாக்கி உயிரை எடுக்கும். "அது எட்டுக்கால் பூச்சி கடிச்ச இடம், அது கிடக்கட்டும், காய்ச்சலுக்கு ஊசி போடுங்க" என்று ஒரு பெண் அந்தக் கறுப்புப் பொருக்கைக் காட்டாமல் புடவைத் தலைப்பால் மூடிக்கொண்டால், உயிரைக் காப்பாற்றும் ஒரே அடையாளம் அங்கேயே மறைந்துபோகிறது. களை எடுக்கவும் நாற்று நடவும் புல்லறுக்கவும் போகிற பெண்களுக்குத்தான் இந்த உண்ணி கடிக்கும் வாய்ப்பு அதிகம் என்பதை மனதில் வைத்து இந்தப் பொய்யின் விலையைக் கணக்குப் போடுங்கள்.

உலகத்தில் ஆபத்தான சிலந்திகளே இல்லை என்று நான் சொல்லவில்லை. ஆஸ்திரேலியாவில் சிட்னியைச் சுற்றி ஒன்று இருக்கிறது. அமெரிக்காவில் கருங்கைம்பெண் சிலந்தியும் பழுப்புத் தனியன் சிலந்தியும் இருக்கின்றன. நம் ராமேசுவரத்தில் அனுமவிலாசம் கோயிலின் பெயரையே தாங்கிய ஒரு பெரிய மரச்சிலந்தி இருக்கிறது. அதன் பேரினத்தைச் சேர்ந்தவை கடித்தால் தசைப்பிடிப்பு வரும். அது அழிவின் விளிம்பில் நிற்கிறது என்பதால் அதைக் காண்பதே அரிது. ஆனால் ஆபத்தான சிலந்திகள் இருக்கிற ஊர்களில்கூட நிலைமை நாம் நினைக்கிற மாதிரி இல்லை. ஆஸ்திரேலியாவில் கடித்த சிலந்தியையும் கையோடு பிடித்துக் கொண்டுவந்த 750 பேரை மருத்துவர்கள் தொடர்ந்து கவனித்து 2002இல் முடிவை வெளியிட்டார்கள். அத்தனை கடிகளில் ஒன்றுகூடத் தோல் அழுகும் புண்ணாக மாறவில்லை. அமெரிக்காவில் கான்சாஸ் மாநிலத்தில் ஒரு வீட்டில் ஆறே மாதத்தில் 2,055 பழுப்புத் தனியன் சிலந்திகளைப் பிடித்தார்கள். அங்கே வருடக்கணக்கில் குடியிருந்த குடும்பத்தில் ஒருவருக்கும் கடியின் பாதிப்பு இல்லை. உலகமே அஞ்சுகிற சிலந்தி இரண்டாயிரம் இருந்த வீட்டிலேயே நிலைமை இதுதான். நம் சுவரில் இருக்கிற இரண்டு ஈப்புலிகளுக்கு ஏன் இந்தப் பயம்?

பயம் மருந்தாக மாறும்போது என்ன ஆகும் என்பதற்கு 2012இல் அசாமில் நடந்தது சாட்சி. தின்சுகியா மாவட்டம் சதியாவில் சிலந்திகள் கூட்டமாக வந்து கடிக்கின்றன என்று பீதி கிளம்பியது. இரண்டு பேர் இறந்தார்கள். சிலந்தி விஷம்தான் கொன்றது என்று உறுதியாகவில்லை. கடிபட்டவர்கள் முதலில் போனது உள்ளூர் வைத்தியர்களிடம். அங்கே பிளேடால் கீறி ரத்தம் எடுத்திருக்கிறார்கள்.

இந்த நம்பிக்கை இவ்வளவு காலம் நிலைத்ததற்குக் காரணம் நம் மக்களின் மூடத்தனம் என்று நான் கருதவில்லை. அவர்கள் கண்ணால் கண்டதை வைத்தே பேசுகிறார்கள். புண் வந்தது, சிலந்தி இருந்தது, மந்திரித்தோம், ஆறியது. நான்கும் உண்மை. நான்கையும் சேர்த்துக் கட்டிய முடிச்சுதான் தவறு. அந்த முடிச்சை அவிழ்க்க வேண்டியவர்கள் மருத்துவர்கள். நெரிசலான புறநோயாளிப் பிரிவில் சீட்டில் "பூச்சிக்கடி" என்று எழுதி, தடவ ஒரு மருந்தும் கொடுத்து அனுப்பிவிட்டால், வீட்டுக்கு வந்ததும் அந்தப் பூச்சி எட்டுக்கால் பூச்சியாகிவிடும். "இது வண்டு, விளக்கு வெளிச்சத்துக்கு வந்தது" என்று சொல்ல அரை நிமிடம் போதும். அந்த அரை நிமிடத்தை நம் மருத்துவர்கள் கொடுக்க வேண்டும்.

சிலந்திக்கு இந்த மண்ணில் இருந்த இடத்தை நினைத்தால் வேதனை இன்னும் கூடுகிறது. காவிரிக் கரையில் திருவானைக்காவில் நாவல் மரத்தடி லிங்கத்தின் மேல் சருகு விழாமல் வலை பின்னிக் காத்த சிலந்திதான் மறுபிறப்பில் கோச்செங்கட் சோழனாகப் பிறந்தது என்பது தலபுராணம். அந்த அரசன் அறுபத்துமூவரில் ஒருவர். யானை ஏற முடியாத மாடக்கோயில்கள் எழுபது கட்டினான் என்பது மரபு. கும்பகோணம் அருகே நல்லூரில் இன்றும் படியேறித்தான் அப்படி ஒரு சன்னதிக்குப் போகிறோம். அந்தக் கதையில் வலையை அசுத்தம் என்று நினைத்துச் சிதைத்தது யானை. சிலந்திக்குப் பக்தி என்றே பெயர். கதையை வரலாறாக எடுத்துக்கொள்ளச் சொல்லவில்லை. சிலந்தியைப் பகையாகப் பார்க்காத ஒரு கண் இந்த ஊருக்கு இருந்தது என்பதற்கு அந்தக் கதை போதும். இன்றோ சிலந்தி இருந்தால் வீட்டில் தரித்திரம் என்று சொல்லிக் கொடுத்துப் பிள்ளைகளை வளர்க்கிறோம். போகிக்கு முன்னால் ஒட்டடை அடிப்பதை நான் குறை சொல்லவில்லை. தூசி படிந்த பழைய வலையை எடுக்கத்தான் வேண்டும். அதற்காக உயிரோடு இருப்பதைத் தேடித் தேடி நசுக்க வேண்டியதில்லை.

இப்போது துடைப்பம் போய்த் தெளிப்பான் வந்திருக்கிறது. வீட்டுக்குள் அடிக்கிற பூச்சிமருந்து கொசுவையும் கொல்லும், சிலந்தியையும் கொல்லும். வாசலில் தேங்கிய தண்ணீரில் ஏழெட்டு நாளிலிருந்து பத்து நாளுக்குள் அடுத்த தலைமுறைக் கொசு கிளம்பிவிடும். ஈப்புலி குஞ்சிலிருந்து வளர்ந்து முட்டையிட மாதங்கள் வேண்டும். ஆக மருந்து அடித்த பத்தாம் நாள் கொசு மட்டும் இருக்கிற வீடு நமக்கு மிஞ்சுகிறது. டெங்குவைப் பரப்பும் கொசு பகலில் கடிப்பது. ஈப்புலி பகலில் வேட்டையாடுவது. இரவிலும் விளக்கடியில் நின்று, வெளிச்சத்துக்கு வரும் பச்சைத் தத்துப்பூச்சிகளைப் பிடிக்கும். ஈப்புலியை வளர்த்தால் டெங்கு ஒழிந்துவிடும் என்று சொல்ல மாட்டேன். அது தண்ணீர்த் தொட்டியை மூடுவதாலும் தேங்காய்ச் சிரட்டையைக் கவிழ்ப்பதாலும்தான் ஒழியும். ஆனால் கென்யாவில் விக்டோரியா ஏரிக்கரை வீடுகளில் இருக்கும் ஒரு தாவும் சிலந்தி, ரத்தம் குடித்து வயிறு சிவந்த மலேரியாக் கொசுவாகப் பார்த்துத் தேர்ந்து பிடிக்கிறது என்று 2005இல் கண்டறிந்தார்கள். தாய்லாந்தில் டெங்குக் கொசுவைத் தின்பதற்காகவே ஆராயப்பட்டது, நம் வீட்டு மூலைகளிலும் தலைகீழாகத் தொங்கும் நெடுங்கால் ஒட்டடைச் சிலந்தி. ஆட்களுக்குச் சம்பளம் கொடுத்துச் செய்கிற வேலையில் ஒரு பங்கை இவை சும்மா செய்துகொண்டிருக்கின்றன.

வீட்டில் நடக்கும் இந்தத் தவறேதான் வயலிலும் நடந்தது. அதன் பலனை டெல்டா விவசாயிகள் நன்றாக அறிவார்கள். புகையான் என்கிற தத்துப்பூச்சி தன் முட்டையை நெற்பயிரின் இலையுறைக்கு உள்ளே வைக்கும். கண்மூடித்தனமாக மருந்தடித்தால் வெளியே இருக்கிற பூச்சி சாகும், ஓநாய்ச் சிலந்தியும் சாகும், உள்ளே இருக்கிற முட்டை சாகாது. அது பொரித்து வெளியே வரும்போது தின்ன ஒரு சிலந்தியும் வயலில் இருக்காது. பிறகு பயிர் வட்டம் வட்டமாகக் கருகும். பிலிப்பைன்ஸில் உள்ள சர்வதேச நெல் ஆராய்ச்சி நிலையம் உழவர்களுக்காக 1987இல் வெளியிட்ட கைப்புத்தகம், ஓர் ஓநாய்ச் சிலந்தி ஒரு நாளைக்கு ஐந்து முதல் பதினைந்து பூச்சி வரை தின்னும் என்று கணக்குச் சொல்கிறது. அதற்கு முந்தைய ஆண்டு, 1986இல், இந்தோனேசிய அரசு புகையானிடம் தோற்றுப்போய் நெல்லுக்கு அடித்துவந்த 57 மருந்துகளை ஒரே ஆணையில் தடை செய்தது. நம் தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் பரிந்துரையிலேயே சிலந்திக்கு இடம் இருக்கிறது. சிலந்தி இல்லாத வயலில் தூருக்கு ஒரு புகையான் தென்பட்டாலே மருந்தைப் பற்றி யோசிக்க வேண்டும். குத்துக்கு ஒரு சிலந்தி இருந்தால் தூருக்கு இரண்டு வரை பொறுக்கலாம். அதாவது, குத்துக்கு ஒன்றாக நிற்கிற சிலந்தியை நம்பி, பூச்சியின் அளவு இரட்டிப்பாகும் வரை மருந்தை நிறுத்திவைக்கலாம் என்று பல்கலைக்கழகமே சொல்கிறது. தஞ்சை மாவட்டம் இளங்காட்டில் பிறந்த இயற்கை விவசாய முன்னோடி நம்மாழ்வார் 2013இல் மறையும் வரை ஊர் ஊராகப் போய்ச் சொன்னதும், தீமை செய்கிற பூச்சியோடு நன்மை செய்கிற பூச்சியையும் சேர்த்துக் கொல்லாதீர்கள் என்பதைத்தான்.

கொப்புளம் போடும் அந்த ஆரஞ்சு வண்டும் வயலில் நமக்கு நண்பன்தான். அதுவும் புகையானைத் தின்கிறது, இலைச்சுருட்டுப் புழுவைத் தின்கிறது. அதை ஒழிக்கக் கிளம்ப வேண்டியதில்லை. வீட்டுக்குள் வராமல் பார்த்துக்கொண்டால் போதும்.

வயலில் சிலந்தியை எண்ணிப் பார்த்து மருந்தை நிறுத்துகிற விவசாயி, சாயங்காலம் வீட்டுக்கு வந்து சுவரில் இருக்கிற அதன் உறவினனைச் செருப்பால் அடிப்பது எனக்குப் பொறுக்கவில்லை. அறிவு வரப்போடு நின்றுவிடக் கூடாது, வாசற்படியும் தாண்டி உள்ளே வர வேண்டும்.

மழைக்காலத்தில் பொழுது சாய்ந்ததும் படுக்கை அறைச் சன்னலைச் சாத்துங்கள், தலைமாட்டு விளக்கை அணையுங்கள், கொசுவலைக்குள் படுங்கள். உடம்பில் ஏதாவது ஊர்ந்தால் அடிக்காதீர்கள், தேய்க்காதீர்கள், ஊதித் தள்ளுங்கள். நசுங்கிவிட்டால் உடனே சோப்புப் போட்டுக் கழுவுங்கள். ஒரு பக்கமாக வரிசைக் கொப்புளம் வந்தாலும், காய்ச்சலோடு கறுப்புப் பொருக்கு இருந்தாலும், சர்க்கரை உள்ளவருக்குக் கால் சிவந்து வீங்கினாலும் அன்றைக்கே பக்கத்து ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போங்கள். அங்கே புண்ணை மறைக்காமல் காட்டுங்கள், எட்டுக்கால் பூச்சி என்று நீங்களே பெயர் வைத்துச் சொல்லாதீர்கள். ஈப்புலியை அது நிற்கிற சுவரிலேயே விட்டுவிடுங்கள்.